பாதி உடைந்தால் போதும்

இந்த ரூம் ஜன்னலை யாரோ ஈரத்துணியால தொடைச்சிருக்காங்க மேடம். கோடு கோடா நிக்குது பாருங்க. பழைய பேப்பரைக் கசக்கித் தொடைச்சா பளிச்சுனு ஆயிடும். தப்பா எடுத்துக்காதீங்க. எந்த ரூமுக்குள்ள போனாலும் என் கண்ணு முதல்ல கண்ணாடி மேலதான் போகுது.

அறிவிப்பு வண்டி டிரைவர் தூங்கிட்டார்னு கேஸ் போட்டு உள்ள வெச்சிருக்கீங்க. தூங்கினது நிஜம்தான். வீட்டுக்குப் போய்த் தூங்குங்கனு அனுப்பினது நான். அவரை விட்டுடுங்க. மீதியை நிதானமா சொல்றேன். எனக்கு இனிமே அவசரமா போக வேண்டிய இடம் எதுவும் இல்ல.

எங்க இடத்துல ரெண்டு கூட்டம் உண்டு. அணுகுண்டு செய்யறவங்க ஒரு கூட்டம். அது எவ்வளவு வெடிச்சுதுனு அளக்கறவங்க இன்னொரு கூட்டம். அவங்களை நாங்க அடுப்படினு கூப்பிடுவோம், அவங்க எங்களைத் தராசுனு கூப்பிடுவாங்க. நான் தராசுக்குத் தலைவன். வெளியில இருக்கறவங்களுக்குக் குண்டு வெடிச்சா வெடிச்சதுதான். ஆனா எவ்வளவு? சாதாரண வெடிமருந்தை எத்தனை ஆயிரம் டன் குவிச்சுக் கொளுத்தினா அந்த அடி விழும்? அதைச் சொல்றதுதான் எங்க வேலை. கேக்க ஒரு வரிக் கேள்வி. பதில் கண்டுபிடிக்கறதுக்குள்ள உயிர் போயிடும்.

போன தடவை நாங்க குண்டைத் தூக்கி வெச்ச டவரைச் சுத்தி நட்டு வெச்ச மின்கருவிகள் எல்லாம் வெடிச்ச நொடியிலேயே செத்துப் போச்சு. நில அதிர்வை வெச்சுக் கணக்குப் போட்டவங்க ஒரு எண் சொன்னாங்க. அடுப்படி அதைப் போல ரெண்டு மடங்கு சொன்னாங்க. சமைச்சவங்களே ருசியையும் சொன்னா எப்படினு நான் கேட்டேன். எங்க எல்லாருக்கும் மேல இருக்கறவரைப் பெரியவர்னு சொல்வோம். அவர் மீட்டிங்ல எல்லார் முன்னாலயும், "என்னப்பா தராசு, முள்ளு ஆடிக்கிட்டே இருக்கே"னு கேட்டார். எல்லாரும் சிரிச்சாங்க. நானும் சேர்ந்து சிரிச்சேன். "சரி, அளவு தெரியலையா, இன்னொண்ணு வெடிப்போம். அதுலயும் தெரியலைன்னா இன்னும் பெருசா ஒண்ணு"ன்னுட்டு எழுந்து போயிட்டார்.

நம்பறதும் நம்பாததும் உங்க இஷ்டம். ஒரே ஒரு தடவை சுத்தமான அளவு கிடைச்சுட்டா அதுக்கப்புறம் வெடிக்கிறதுக்கு வேலையே இல்லனு நான் மனசார நினைச்சேன். ஆரம்பிச்சது அப்படித்தான்.

மின்சாரம் வேண்டாத, யார் பேச்சையும் கேக்காத ஒரு கருவி வேணும்னு யோசிச்சேன். கண்ணாடி அப்படிப்பட்டது. ஒரே தடிமன்ல, ஒரே அளவுல, ஒரே மாதிரி சட்டத்துல பதிச்ச கண்ணாடி நிறைய இருக்குனு வெச்சுக்குங்க. எல்லாம் ஒரே தூரத்துல இருக்கணும். அடி வந்து போனப்புறம் எத்தனை உடைஞ்சிருக்குனு எண்ணினா போதும், காத்து எவ்வளவு அழுத்தத்தோட வந்துச்சுனு சொல்லிடலாம். அழுத்தமும் தூரமும் கைக்கு வந்துட்டா குண்டோட பலம் வந்த மாதிரிதான். ஒரே ஒரு சங்கடம். எல்லாம் உடைஞ்சாலும் பிரயோஜனமில்ல, ஒண்ணுமே உடையலைன்னாலும் பிரயோஜனமில்ல. பாதி உடையணும். பாதி உடைஞ்சாதான் அளவு நம்பற மாதிரி வரும்.

வெறும் சட்டத்தை வெட்டவெளியில நட்டாலும் ஆகாது. கண்ணாடிக்குப் பின்னாடி அடைச்ச அறை இருக்கணும். அப்படீன்னா வீடு வேணும். நூத்துக்கணக்குல வீடு கட்டிக் குடுங்கனு கேட்டப்போ ஸ்டோர் அதிகாரி என்னை மேலயும் கீழயும் பாத்தார். ஆனா வீடு ஏற்கெனவே இருந்துச்சு மேடம். இருபது கிலோமீட்டர் தள்ளி, சிமென்ட் ஆலைக் குவார்ட்டர்ஸ். வரிசை வரிசையா ஒரே மாதிரி வீடு, ஒரே மாதிரி ஜன்னல், அத்தனை ஜன்னலும் எங்க டவர் இருந்த பக்கம் பாத்து. நானே உக்காந்து வரைஞ்சிருந்தாக்கூட அவ்வளவு ஒழுங்கா வந்திருக்காது.

எங்க அக்கா அங்கதான் இருந்தா. மாமாவுக்கு அந்த ஆலையிலதான் வேலை. அக்கா என்னைவிட எட்டு வயசு பெரியவ, எனக்குத் தலை சீவி விட்டு ஸ்கூலுக்குக் கையைப் பிடிச்சு இழுத்துக்கிட்டுப் போனவ. இந்த வயசுலயும் என்னைப் பாத்ததும் முதல்ல கன்னத்தைத்தான் தொடுவா. "ஏன்டா இப்படி எலும்பும் தோலுமா வந்து நிக்கறே? அங்க சோறு போடறாங்களா, இல்ல குண்டு மட்டும்தான் போடறாங்களா?" இதைச் சொல்லிட்டு அவளே சிரிச்சுக்குவா. எனக்கு உலகத்துல ரொம்பப் பிடிச்ச ஆள் அவதான். இதையும் எழுதிக்குங்க.

குவார்ட்டர்ஸ்ல பாதி ஜன்னல்ல அட்டையும் பிளைவுட்டும் அடிச்சிருந்தாங்க. மிச்சத்துல ஒண்ணு தடி, ஒண்ணு மெல்லிசு, ஒண்ணு விரிசல் விட்டது. எங்க நலநிதியிலேர்ந்து எல்லா வீட்டுக்கும் புதுக் கண்ணாடி போட்டுத் தரலாம்னு நான் எழுதிக் குடுத்தேன். நல்ல காரியம்னு உடனே கையெழுத்து ஆயிடுச்சு. நான் எடுத்துக் குடுத்த மாதிரியைக் கண்ணாடிக் கடைக்காரர் விரலால சுண்டிப் பாத்துட்டு, "சார், இது போட்டோ ஃப்ரேமுக்குப் போடறது. ஜன்னலுக்குப் போட்டா ஓங்கித் தும்மினாக்கூடப் போயிடும்"னார். "பரவாயில்ல, வெளிச்சம் நல்லா வரும்"னேன். தடிக் கண்ணாடி போட்டிருந்தா பத்துல ஒண்ணு உடைஞ்சிருந்தாலே அதிகம்.

வேலை நடந்தப்போ நான் கூடவே நின்னேன். கண்ணாடி ஓரத்துல மக்கு பூசினது ஒரே மாதிரி இருக்கானு ஒவ்வொரு சட்டத்தையும் தடவிப் பாத்தேன். இவ்வளவு அக்கறையா செய்யற ஆபீசரை நாங்க பாத்ததே இல்லனு வீட்டுக்கு வீடு தண்ணி குடுத்தாங்க. ஒரு அம்மா, "பட்டப்பகல்லயே லைட் போட்டுக்கிட்டுக் கிடந்தோம் தம்பி, நீங்க நல்லா இருக்கணும்"னு என் கையைப் பிடிச்சுக்கிட்டாங்க. அக்காவுக்குத் தலைகால் புரியலை. தெருவுல போறவங்களைக் கூப்பிட்டுக் கூப்பிட்டு, என் தம்பி போட்டுக் குடுத்ததுனு காட்டினா.

இனி டிரைவர் விஷயம். ஒவ்வொரு சோதனைக்கும் முதல் நாள் மத்தியானம் அறிவிப்பு வண்டி அந்தப் பக்கம் போகும். காலையில ஜன்னல், கதவு எல்லாத்தையும் விரியத் திறந்து வெச்சுடுங்க, எல்லாரும் வெளிய வந்து மைதானத்துல முதுகைத் திருப்பிக்கிட்டு நில்லுங்கனு ஒலிபெருக்கியில சொல்லிக்கிட்டே போகும். திறந்த ஜன்னல் உடையாது மேடம். காத்து இந்தப் பக்கம் நுழைஞ்சு அந்தப் பக்கம் போயிடும். அது ஜனங்களுக்கு நல்லது. எனக்கு உதவாது.

அதனால மெயின் கேட்ல வண்டியை நிறுத்தி, குவார்ட்டர்ஸ் வேண்டாம்னேன். "போன தடவை போனோமே சார்?"னு கேட்டார். "இந்தத் தடவை சின்னது, அவ்வளவு தூரம் எட்டாது. ரெண்டு நாளா தூங்காத மாதிரி இருக்கீங்க, வீட்டுக்குப் போய்ப் படுங்க"ன்னேன். "ரொம்ப நன்றி சார்"னுட்டுப் போனார். சின்னதுனு நான் சொன்னது பொய். அடுப்படி எனக்குக் குடுத்திருந்த எண் போன தடவையைவிடப் பெருசு.

சாயந்திரம் அக்கா போன் பண்ணினா. "நாளைக்குச் சோதனைனு ஆலையில பேசிக்கறாங்க, வண்டியே வரலையேடா, தெருவுல எல்லாரும் என்கிட்ட வந்து கேக்கறாங்க. நாளைக்குக் காலையில வெளிய நிக்கணுமா, வேண்டாமா?" நான் ஒரு மாதிரி ஒளிஞ்சுக்கலாம்னு இருந்தேன், அவ நேரா கேட்டுட்டா. "வேண்டாம்க்கா, குளிர்ல எதுக்கு நிக்கறீங்க. ஜன்னலைச் சாத்திக்கிட்டு உள்ளயே இருங்க. வெளிச்சம் தெரிஞ்சா எனக்கு மட்டும் உடனே ஒரு போன் பண்ணு, நீ சௌக்கியமா இருக்கேனு தெரிஞ்சா போதும்"னேன். அவ தெருத்தெருவாப் போய்ச் சொல்லியிருக்கா. வண்டி சொன்னா நாலு பேராவது அலட்சியமா இருந்திருப்பாங்க. அளக்கறவரோட அக்காவே சொன்னா யாருக்குச் சந்தேகம் வரும்? ஒரு ஜன்னல்கூடத் திறந்து இல்ல.

அப்புறம் நடந்தது உங்களுக்குத் தெரியும். வெளிச்சம் உடனே வந்துடும். அடி அவ்வளவு தூரம் நடந்து வர ஒரு நிமிஷம் ஆகும். அந்த ஒரு நிமிஷத்துல ஊரே ஜன்னலுக்கு ஓடி வந்து முகத்தைக் கண்ணாடியில ஒட்ட வெச்சு வேடிக்கை பாத்திருக்கு. நாப்பது பேருக்கு மேல காயம், அதுல முக்கால்வாசிப் பேருக்குக் கண்ணுல. அக்காவுக்கு ரெண்டு கண்ணும்.

நானும் என் ஆளுங்களும் மத்தியானத்துக்குள்ள அங்க போயிட்டோம். ஒரு வீட்டுலேர்ந்து ஆம்புலன்ஸ்காரங்க வெளிய வர, நாங்க உள்ள போவோம். எண்ணி முடிக்கிற வரைக்கும் துண்டுகளைப் பெருக்கிடாதீங்கனு கேட்டுக்கிட்டோம். யாரும் எதிர்த்துப் பேசலை, நாங்க நஷ்டஈட்டுக்குக் கணக்கெடுக்கறோம்னு நினைச்சுட்டாங்க. பாதிக்குக் கொஞ்சம் மேல உடைஞ்சிருந்துச்சு. அவ்வளவு சுத்தமான அளவு எங்க இடத்துல அதுவரைக்கும் யாரும் எடுத்ததில்ல.

பெரியவர் என் முதுகுல தட்டினார். "இப்பதான்பா முள்ளு நின்னுச்சு. இனி தைரியமா பெருசாப் போகலாம்"னார். அவர் ரூம் வாசல்ல நின்னு அதைக் கேட்டுக்கிட்டு இருந்தேன். இப்ப அடுத்த டவர் பாதி எழுந்துடுச்சு. எவ்வளவு தூரத்துல எந்த ஊர் இருக்குனு என் ஆளுங்களே தேடிக்கிட்டு இருக்காங்க. நிறுத்தறதுக்காகச் செஞ்சேன்னு உங்ககிட்ட சொன்னேன் இல்லையா, அது இருக்கற லட்சணம் இதுதான்.

போன வாரம் டிரைவரோட சம்சாரம் எங்க வீட்டுக்கு வந்தாங்க. "நீங்க ஒரு வார்த்தை சொன்னா கேப்பாங்க சார்"னு அழுதாங்க. அக்கா உள்ளேர்ந்து சுவரைத் தடவிக்கிட்டே வந்து, "அழாதேம்மா, என் தம்பி கண்டிப்பா சொல்வான்"னா. அவ இப்ப என் வீட்டுலதான் இருக்கா. மாமா வேலை முடிஞ்சு வந்து பாத்துட்டுப் போவார், என் முகத்தைப் பாக்க மாட்டார். அவருக்குச் சந்தேகம் இருக்கும்போல.

வெளிச்சம் வந்தா மனுஷங்க ஜன்னலுக்குத்தான் ஓடுவாங்கனு உங்களுக்குத் தோணவே இல்லையானு முதல் விசாரணையில கேட்டீங்க. கண்ணாடியை மட்டும்தான் யோசிச்சேன், பின்னாடி நிக்கிற முகத்தை யோசிக்கலைனு அன்னைக்குச் சொன்னேன். அதையும் இப்ப மாத்திக்கறேன். எனக்குத் தெரியும். தெரியாம எப்படி இருக்கும், ஒலிபெருக்கியில சொல்ற அந்த வாசகத்தை எழுதினதே நான்தானே.

அக்காவும் உங்களுக்கு வாக்குமூலம் குடுத்திருக்கா. நான் பயந்துடக் கூடாதுனு என் தம்பி கடைசி வரைக்கும் போன்லயே இருந்தான்னு சொல்லியிருக்கா. அவ்வளவு வேலைக்கு நடுவுலயும் என்னை விட்டுட்டுப் போகலைனு அவளுக்கு அதுல ஒரு பெருமை. அந்தப் பெருமையை மட்டும் அவகிட்டேர்ந்து பிடுங்க வேண்டாம்னு இத்தனை நாள் வாயைத் திறக்கலை.

வெளிச்சம் அடங்கறதுக்குள்ள என் மேசை போன் அடிச்சுது. "தம்பி, என்னடா இது, விடிஞ்சது மறுபடி ஒரு தடவை விடியற மாதிரி இருக்கு. தெருவே ஜன்னல்ல நிக்குது"ன்னா. அவ வீட்டு போன் ஜன்னலோரத்து மேசையில இருக்கும், ஒயர் அங்கேர்ந்து நகராது, எனக்குத் தெரியும். "உன் ஜன்னல் சாத்தியிருக்காக்கா?"னு கேட்டேன். "சாத்தித்தான்டா இருக்கு, நீதானே சொன்னே. ஏன் உன் குரல் ஒரு மாதிரி இருக்கு, சாப்பிட்டியா?"ன்னா. கீழ உக்காருக்கானு சொல்ல ஒரு மூச்சு போதும். வாய் வரைக்கும் வந்துச்சு. "அப்படியே நில்லுக்கா, லைன்லயே இரு"ன்னேன். அவளும் நின்னா. ஞாயித்துக்கிழமை வீட்டுக்கு வா, உனக்குப் பிடிச்சதா ஏதாவது பண்ணி வெக்கறேன்னு பேசிக்கிட்டே இருந்தா. நான் ம், ம்னு சொல்லிக்கிட்டு இருந்தேன். என் இன்னொரு கையில ஸ்டாப் கிளாக் ஓடிக்கிட்டு இருந்துச்சு. அடி ஒரு இடத்துக்கு வந்து சேர்ற நேரம் துல்லியமா தெரிஞ்சா அதுவும் ஒரு அளவு மேடம்.

ஆனா அதை நான் அறிக்கையில சேக்கலை. கண்ணாடி உடைஞ்ச சத்தமும் அவ கத்தினதும் ஒண்ணாதான் வந்துச்சு, எதைக் கேட்டுப் பட்டனை அழுத்தினேன்னு எனக்கே நிச்சயமா சொல்ல முடியலை. என்னைப் பத்தி என்ன வேணும்னாலும் எழுதிக்குங்க. சந்தேகமான ஒரு அளவைச் சேத்தேன்னு மட்டும் எழுதிடாதீங்க.