உதட்டில் படும் பொத்தான்

சிரம்பான் பேருந்தில் எனக்கு முன்னால் அக்காவும் தங்கையும். தங்கையின் மடியில் வில் பை.

“உதட்டுல படலன்னா அம்ப விடவே மாட்டேங்க்கா.”

நாணில் கட்டிய சிறு பொத்தானைச் சொல்கிறாள். இழுக்கும்போது அது உதட்டைத் தொட்டால் கை எப்போதும் ஒரே இடத்தில் நிற்குமாம்.

“அப்புறம் ஏன்டி நேத்து எல்லா அம்பும் ஒரே பக்கமா விலகுச்சு? நாளைக்கு செலெக்‌ஷன் லா.”

“தெரியலக்கா. பொத்தான் நகரல. வாயில இருக்கறத துப்பச் சொன்னாரு கோச். துப்பிட்டுத்தான் அடிச்சேன்.”

“என்னத்த துப்புன?”

“அசாம்பாய்.”

அக்கா அவள் கன்னத்தைப் பார்த்தாள். அப்படியொரு உப்பிட்ட பழம் இப்போதும் அங்கே புடைத்திருந்தது.

“பொத்தான் கட்டறப்பவும் இது வாயில இருந்துச்சா?”

பேருந்து மம்பாவ் ஊரைத் தாண்டியது. பிறகு தங்கை கொட்டையைக் கையில் துப்பினாள்.

“வில் பையில நூல் இருக்கான்னு பாருக்கா. வெறும் வாயோட பொத்தான திரும்பக் கட்டணும்.”