காந்தி ஜெயந்தித் தண்ணீர்

எனக்கு உப்புத் தண்ணீர் ஒத்துக்கொள்ளாது, இன்ஸ்பெக்டர் ஐயா. பித்த உடம்பு. அதனால்தான் எங்கள் வீட்டுக்குக் குடிதண்ணீர் செம்பட்டியிலிருந்து வண்டியில் வந்தது, மூடிய பீப்பாயில், பின்வாசல் வழியாக. வீட்டை ஒட்டிய ரெட்டியார்சத்திரத் தோட்டத்துக் கிணற்றை வக்கீலான என் கணவர் சேரி ஜனங்களுக்குத் திறந்துவிட்ட வாரத்தில்தான் அந்த வண்டியும் வரத் தொடங்கியது, உண்மை. ஆனால் வக்கீல் வீட்டில் சாதி பார்ப்பதில்லை என்று திண்டுக்கல்லே சொல்லும்.

ஒவ்வொரு காந்தி ஜெயந்திக்கும் கிணற்றடியில் விழா. சேரியிலிருந்து ஜக்கம்மாள் வந்து தண்ணீர் இறைப்பாள். முதல் செம்பு என் கணவருக்கு, அடுத்தது அவளுக்கு. அவர் செம்பை நான் வாங்கி, வடிகட்டி வருகிறேன் என்று உள்ளே கொண்டுபோவேன். திரும்பும்போது அதில் செம்பட்டித் தண்ணீர் இருக்கும். யார் மனமும் புண்படாமல் வருஷா வருஷம் நடந்தது.

இந்த வருஷம் விழாவன்று காலையில் தோட்டக்காரன் கருப்புசாமி ஓடிவந்தான்.

"அம்மா, கத்திரிக்கு அடிக்கிற மருந்து டப்பா கெணத்துல விழுந்துருச்சு. அம்புட்டும் கொட்டிப்போச்சு. யாரும் குடிக்க வேணாம்னு சொல்லிப்புடவா?"

"நான் சொல்லிக்கிறேன். நீ டவுனுக்குப் போயி மாலை வாங்கிட்டு வா" என்றேன்.

சொல்லத்தான் நினைத்தேன். அதற்குள் மெட்ராஸ் பத்திரிகைக்காரர்கள் வந்துவிட்டார்கள். கிணற்றை மூடினால், திறந்துவிட்டு மூடிவிட்டார்கள் என்ற பேர் வரும். வீட்டில் நீங்கள் எதைக் குடிக்கிறீர்கள் என்று எவனாவது கேட்பான். கிணறு நிறையத் தண்ணீர், ஒரு டப்பா மருந்து என்ன செய்துவிடும் என்று தோன்றியது. என் கணவரைக் குடிக்க விட்டிருப்பேனா என்று கேட்காதீர்கள். அது வேறு பேச்சு.

அவர் தம் செம்பைக் குடித்து முடித்தார். ஜக்கம்மாள் ஒரு வாய் குடித்துவிட்டு முகத்தைச் சுளித்தாள்.

"என்னமோ வாடை அடிக்குதும்மா."

"கிருமி சாக மருந்து போட்டிருக்கு, பயப்படாத" என்றேன். என்னைப் பார்த்துச் சிரித்தாள். என் சொல்லில் அவளுக்கு அவ்வளவு நம்பிக்கை.

பொழுது சாய்வதற்குள் அவள் உயிர் போய்விட்டது. ஒரு வாயோடு நிறுத்தியிருந்தால் பிழைத்திருப்பாள் என்று டாக்டர் சொன்னதாகச் சொல்கிறீர்கள். இருக்கலாம். அவள் முகம் சுளித்ததில் பத்திரிகைக்காரர்கள் எடுத்த படம் கெட்டுப்போயிற்று. செம்பு முழுக்கக் குடிக்கும்படி நான்தான் சொன்னேன். ஆனால் வற்புறுத்தவில்லை, ஐயா. எங்கள் வீட்டில் யாரையும் வற்புறுத்தும் வழக்கம் கிடையாது.