எச்சம் படாத தண்ணீர்

பறவை எச்சத்தைத் தண்ணீரில் கரைய விடக் கூடாது சார். விழுந்ததுமே வலையால் அள்ளிவிட வேண்டும். கரைந்துவிட்டால் குளோரின் எவ்வளவு போட்டாலும் மனசு ஒப்பாது. வீட்டில் நீச்சல் குளம் கட்டிய பிறகு இதெல்லாம் பழகிவிட்டது.

பறவைகளைப் பழக்கியது அண்ணன். வேலை போனதிலிருந்து எங்களோடுதான் இருந்தார். குளக்கரையில் உட்கார்ந்து ரொட்டியைப் பிய்த்துப் போடுவார். நான் ஒரு பிளாஸ்டிக் ஆந்தை வாங்கி வைத்தேன். அதன் தலையிலேயே புறா உட்கார்ந்தது. அண்ணன் விழுந்து விழுந்து சிரித்தார். ஆந்தைக்கு ஒரு பழைய மூக்குக்கண்ணாடியை மாட்டி, என் பெயரையும் வைத்தார். மகள்கூட அதை அப்பா என்று கூப்பிட ஆரம்பித்தாள். நான் கோபப்படவில்லை.

பிறகு மகளுக்கு வயிற்றுப்போக்கு வந்தது. பள்ளிக்கூடத்தில் பாதிப் பிள்ளைகளுக்கு இதே தொந்தரவு என்றார் டாக்டர். எனக்குக் காரணம் தெரியும். அண்ணனிடம் பக்குவமாகத்தான் சொன்னேன்.

"ஒரு சொட்டு எச்சத்துக்கா இந்தப் பாடு? குளத்தை மூடிப் பீரோவுல வச்சுக்கடா," என்றார்.

நல்ல யோசனையாகப் பட்டது. குளத்துக்கு ஓர் உறை வாங்கினேன். கைப்பிடியைச் சுற்றினால், இரு ஓரத்துத் தடங்களிலும் ஓடி, குளத்தை இறுக்க மூடிவிடும். அடியிலிருந்து தூக்க முடியாது, உள்ளே யாராவது இருக்கிறார்களா என்று பார்த்துவிட்டு மூடுங்கள் என்றார் மாட்ட வந்தவர். தினமும் பார்த்துத்தான் மூடினேன். அன்றும் பார்த்தேன்.

அண்ணன் மூச்சடக்கித் தரையோடு தரையாக நீந்துவார். மகள் கரையில் நின்று எண்ணுவாள். அன்று மாலை அவளை, பெரியப்பாவுக்குத் துண்டு எடுத்து வரச் சொல்லி வீட்டுக்குள் அனுப்பிவிட்டுக் கைப்பிடியைச் சுற்றினேன்.

உறையில் தட்டும் சத்தம் கேட்டது. புறா என்று நினைத்ததாக நேற்று ஸ்டேஷனில் உங்களிடம் சொன்னேன். அது சரியில்லை. புறா உட்கார்ந்தால் உறை பள்ளமாகும். இது மேலே எழும்பியது. அடங்கும்வரை கைப்பிடியை விடவில்லை.

மகள் துண்டோடு வந்து, "பெரியப்பா எங்கேப்பா?" என்றாள். குளித்துவிட்டுப் போய்விட்டார் என்றேன். அவள் உறையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

காலையில் உறையின் மேல் எச்சம் கிடந்தது. தண்ணீரில் துளிகூட இல்லை. மகள்தான் இனி இறங்கவே மாட்டேன் என்கிறாளாம். இப்போது சுத்தமாக இருக்கிறது, பயப்பட ஒன்றுமில்லை என்று நீங்கள் சொன்னால் கேட்பாள் சார்.