பிரிச்சுத் தை

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், ஃபாதர். நான் தைக்கிற ஓரம் கோணல் இல்லை. கொட்டாஞ்சேனையில் எந்தக் கல்யாணப் பெண்ணையும் கேட்டுப் பாருங்கள்.

என் அக்கா யூஜினா மட்டும் முப்பது வருடமாக அதைக் கோணல் என்றே சொன்னாள். அதுவும் தைக்கக் கொடுக்க வந்தவர்கள் முன்னால். "ஐறீன், இது கோணல். பிரிச்சுத் தை." நானும் பிரித்தேன். கண்ணில் புரை வளர்ந்ததும் இரண்டு வருடம் அவள் வாய் ஓய்ந்திருந்தது. கற்றரக்ட் ஒப்பரேஷன் முடிந்த மறு மாதமே, நான் முடித்துவைத்த வெள்ளைக் கவுனை எடுத்து, மணப்பெண்ணின் தாய் பார்த்துக்கொண்டிருக்க, அடி ஓரம் முழுவதையும் பிளேட்டால் அறுத்தாள். அன்றைக்கு வந்த கோபம் இன்னும் போகவில்லை.

ஒரு வருடம் கழித்து அதே கண்கள் திரும்பவும் மங்கின. நான்தான் கிளினிக்குக் கூட்டிப்போனேன். மன்னாரிலிருந்து வந்து இத்தனை காலமாகியும் அவளுக்குச் சிங்களம் பிடிபடவில்லை. நான் கார்மெண்ட்ஸில் சிங்களப் பெண்களோடு வேலைசெய்து அதைப் பழகியவள். டொக்டர் பொறுமையாகச் சிங்களத்தில் விளக்கினார். வைத்த லென்ஸ் நன்றாக இருக்கிறது, அதன் பின்னாலுள்ள சவ்வுதான் மங்கியிருக்கிறது, லேசர் அடித்தால் ஐந்து நிமிடத்தில் சரியாகிவிடும், வலியே இல்லை.

"என்னவாம்?" என்று அக்கா கேட்டாள்.

"புரை திரும்ப வந்திட்டுதாம். இனி ஒண்டும் செய்யேலாதாம்."

அவள் அழவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ இருக்கிறாய்தானே" என்றாள். டொக்டர் திகதி எழுதிக் கொடுத்த துண்டை பஸ்ஸிலேயே கிழித்துப் போட்டேன்.

அதன் பிறகு வீடு அமைதியாக இருந்தது. ஒவ்வொரு ஞாயிறும் அவளை இந்தக் கோயிலுக்குக் கூட்டிவந்தேன். கண்களுக்குரிய புனித லூசியாவிடம் அவள் மன்றாடும்போது பக்கத்தில் நானும் முழந்தாளிட்டேன். அதில் கபடம் எதுவும் இல்லை.

போன செவ்வாய்க்கிழமை, நான் முடித்த கவுனின் ஓரத்தை விரல்களால் தடவிக்கொண்டே போனாள். ஓரிடத்தில் நிறுத்தினாள்.

"இது கோணல். பிரிச்சுத் தை."

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. ஆனாலும் குரலை உயர்த்தவில்லை. கவுனை மேசையிலிருந்து எடுத்துவிட்டு, துணி தேய்க்கிற சூடான அயனை அவளுடைய கைக்கு நேரே வைத்தேன். "எந்த இடம் எண்டு திரும்பத் தடவிக் காட்டுங்கோ, அக்கா" என்றேன்.

அயன் அங்கே இருந்ததை நான் கவனிக்கவில்லை என்று பிறகு சொன்னேன். நம்பினாள்.

விரல்கள் ஆற இன்னும் இரண்டு கிழமையாகும். மருந்து பூசுவதும் சோறு ஊட்டுவதும் நான்தான். இந்த நிலையில் அவளைத் தனியே விட்டுப்போக என் மனச்சாட்சி இடம் கொடாது.