ஒழுங்கா எரியாத காமன்

சிவன் வேசம் கட்டுறவனுக்கு இடுப்பு வலி தீராதுங்க, முதலியார் ஐயா. காமன் கூத்துல மத்தவங்கெல்லாம் ஆடுவாங்க, பாடுவாங்க. சிவன் மட்டும் தவசுல அசையாம ஒக்காந்திருக்கணும். காமன் வந்து பூ அம்பு விட்டதும் நெத்திக்கண்ணத் தொறந்து அவன எரிக்கணும். அம்புட்டுத்தான் வேல. ஹல்துமுல்லைத் தேயிலத் தோட்டத்துல தல நரைக்கிற வரைக்கும் அதச் செஞ்சிருக்கேன்.

நீங்க நல்ல சேதி கொண்டாந்திருக்கீங்க. கொழும்புல பெரிய ஜட்ஜுமாரு கூடி எங் கேசப் பாத்து, இது கொலையில்ல, கைப்பிசகுன்னு சொல்லிட்டாங்க. அந்தக் காயிதம் இந்தப் பதுளை ஜெயிலுக்கு வந்து சேந்தா தூக்கு ரத்து. அதுவரைக்கும் வாயத் தொறந்தா கயிறுதான்னும் சொல்றீங்க. ஒங்க நல்ல மனசு. ஆனா அந்தக் கைப்பிசகுங்கிற வார்த்த சரியில்லைங்க. அத நீங்க திருத்தித் தரணும்.

நெத்திக்கண்ணுன்னா வேற ஒண்ணுமில்ல, கையில இருக்கிற பந்தத்து மேல குங்கிலியத் தூள வீசுறதுதான். பக்குன்னு தீ எழும்பும். காமன் ஒடனே விழுவணும். வேட்டியப் போட்டு மூடுவாங்க, ரதி ஒப்பாரி வைக்கும். ராமாமிர்தம்னு தேயிலச் செடிய நறுக்கிக் கவ்வாத்து வெட்டுற பய, காமன் கட்டுன நாள்லருந்து விழ மாட்டேனுட்டான். தீ எழும்புனா குனிஞ்சு தப்பிச்சு இன்னொரு சுத்து ஆடுவான். "என்னா மாமா, கண்ணு அவிஞ்சு போச்சா"ன்னு கேப்பான். சனம் வயித்தப் புடிச்சிக்கிட்டுச் சிரிக்கும். மறுநா விடியால வேலைக்குப் பேரு குடுக்கிற பெரட்டுக் களத்துல பொம்பளைங்க என்னப் பாத்து நெத்தியத் தடவிக் காட்டுவாங்க. நான் அதெல்லாம் மனசுல வச்சிக்கிறவன் இல்லைங்க. சாமிய நெனச்சித்தான் எனக்கு வெசனம். அந்தக் கண்ணுக்கு ஒரு கவ்வாத்துக்காரன் எரியலைன்னா, அப்புறம் யாருதான் பயப்படுவா.

கோட்டுல நடந்தத நான் சொல்ல வேணாம், கோட்டு முதலியாரா நின்னு எங்க பேச்ச இங்கிலீசுல மாத்திச் சொன்னதே நீங்கதான். காப்புக் கட்டி வேசம் போட்டுட்டா எங்க சனம் ஆளு பேரச் சொல்லாது. ராமாமிர்தத்த யாரு எரிச்சதுன்னு ஜட்ஜ் தொர கேட்டாரு. வந்த சாட்சி எல்லாரும் சிவபெருமான்தான்னாங்க. சத்தியம் பண்ணிட்டுச் சொன்னது, பொய்யில்ல. அந்த ஆளு இப்ப எங்கன்னு தொர கேட்டதுக்கு, ரதி கட்டுன இராசையா, "எங்கயும் இருப்பாருங்க, தொர மேசைக்கடியிலயும் இருப்பாரு"ன்னான். அத மாத்திச் சொல்ல நீங்களே கொஞ்சம் தெணறுனீங்க. ராமாமிர்தத்துப் பொஞ்சாதி பரிமளம் கூட, கண்ணத் தொடச்சிக்கிட்டு, சாமி எடுத்துக்கிட்டார்னுதான் சொல்லிச்சு. ஜூரியில இருந்த தொரமாருக்கு அது எடுபடல. குத்தவாளின்னுட்டாங்க.

கொழும்புக்காரங்க வேற மாதிரி நிறுத்துப் பாத்திருக்காங்க. ஆளு செத்தது மட்டும் பத்தாது, கொல்லணும்னு மனசுல இருந்திருக்கணுமாம். எங்களுக்குள்ள பகையில்ல. வீசுனது வருசா வருசம் வீசுற தூளு. ஒருநாளும் நான் பெரட்டுக்குப் பிந்தி வந்ததில்லன்னு எங்க தோட்டத்துத் தொர சாட்சி சொன்னாரு, அதையும் எம் பக்கத் தட்டுல வச்சிருக்காங்க. கடைசியில, வயசான ஆளு, கை நடுங்கித் தூளு கூடப் போயிருச்சுன்னு முடிச்சிட்டாங்க.

எங் கை நடுங்காதுங்க. இந்தா, நீட்டுறேன், பாத்துக்கங்க.

அன்னைக்கு விடியக்காலம் மொகத்துக்கு அரிதாரம் பூசிக்கிட்டிருந்தப்ப ராமாமிர்தம் எங்கிட்ட வந்தான். "மாமா, இந்த வருசம் மொதத் தீயிலயே விழுந்துர்றேன். பரிமளம் வையிது"ன்னான். நான் அவன் கிரீடத்த நேராக்கி விட்டேன்.

சொன்னபடியே விழுந்தான். அவ்வளவு அழகா அவன் விழுந்து நான் பாத்ததில்ல. ஆனா அது அவன் இஷ்டத்துக்கு விழுந்ததுங்க. கண்ணு எரிச்சு விழல. இந்த வித்தியாசம் ஜட்ஜுமாருக்கு வெளங்குமோ என்னமோ. வேட்டி எடுக்க ஆளு போயிருந்துச்சு. இராசையா ஒப்பாரிய ஆரம்பிக்க, சனம் பூரா அந்தப் பக்கம் திரும்பிருச்சு. அதனாலதான் சாட்சி யாரும் ஒரு வீச்சுக்கு மேல சொல்லல. ரெண்டாவது வீச்சப் பாத்தது ராமாமிர்தம் ஒருத்தன்தான். படுத்தபடியே, ஒதடு அசையாம, "மாமா, விழுந்துட்டேன்"ன்னான். நான் பந்தத்த அவன் நெஞ்சுக்கிட்டத் தாழ்த்திப் புடிச்சேன். சட்ட பூரா ஜிகினாவும் காயிதமும். பையில மிச்சமிருந்த தூள ஒரு பொட்டு சிந்தாம வீசுனேன். எரிஞ்சான்.

கைப்பிசகுங்கிறத அடிச்சிட்டு இத எழுதுங்க. கழுத்து போனாப் போவுது. அன்னைக்கு ஒருத்தரும் சிரிக்கல, அதையும் சேத்துக்கங்க. கொலைன்னு மட்டும் போட்ராதீங்க ஐயா, அவன் மேல எனக்கு ஒரு கோவமும் கெடையாது.