தயாளன் அரைத்த வேர்க்குருப் பொடி

...விட்டுக்கொடுங்க, விட்டுக்கொடுங்கன்னு எனக்கு முன்னாடி பேசினவங்க அத்தனை பேரும் சொல்லிட்டாங்க. நானும் அதையே சொன்னா மாப்பிள்ளை மணிமாறன் மாலையைக் கழட்டி வெச்சுட்டு ஓடிடுவார். பாருங்க, இப்பவே கழுத்தைச் சொறியுறார்! சிரிக்காதீங்கம்மா, இந்த வைகாசி வெயில்ல பட்டுச் சட்டை போட்டு நீங்க உட்கார்ந்து பாருங்க, தெரியும். அந்தக் கழுத்தைப் பார்த்ததும் எனக்கு ஒரு குட்டிக் கதை ஞாபகம் வந்துடுச்சு. அதைச் சொல்லிட்டு இறங்கிடறேன். பந்தியில சாம்பார் ஆறாது, நான் பொறுப்பு.

வேலூர்ல தயாளன்னு ஒரு பஸ் கண்டக்டர். அவர் சம்சாரம் பரிமளா. வேலூர் வெயிலைப் பத்தி உங்களுக்கு நான் சொல்லணுமா? அந்த வெயில்ல, கெட்டியான காக்கிச் சட்டையைப் போட்டுக்கிட்டு, நாள் பூரா நெரிசல்ல டிக்கெட் கிழிக்கிற மனுஷன். முதுகு என்னத்துக்கு ஆகும்? ரவையைத் தூவின மாதிரி... அத்தனையும் வேர்க்குரு!

அது ஒரு பக்கம் அரிக்குது. இன்னொரு பக்கம் வீட்ல பேச்சு வார்த்தையே இல்ல. ஏன்? பரிமளாவோட அண்ணன் அரக்கோணத்துல புது வீடு கட்டி கிரகப்பிரவேசம் வெச்சார். இவர் லீவு கிடைக்கலைன்னு போகல. "மாப்பிள்ளை வரலையா, மாப்பிள்ளை வரலையா"ன்னு கேட்டவங்களுக்கெல்லாம் பதில் சொல்லிச் சொல்லி அந்தம்மாவுக்கு மானமே போச்சு. வீட்டுக்கு வந்தாங்க. வாயை மூடினாங்க. இவரும் "அவளே முதல்ல பேசட்டும்"னு முறுக்கிக்கிட்டார்.

பேசாத வீட்ல எப்படிப் பேசுவாங்க? உங்களுக்குத் தெரியாதா! சுவரைப் பார்த்துப் பேசுவாங்க. "சோறு எடுத்து வெச்சிருக்கு. பசிக்கிறவங்க சாப்பிடலாம்." இவர் காலண்டரைப் பார்த்து, "சில வீட்ல ரசத்துக்கு உப்புப் போட மாட்டாங்க போல." ...யாருங்க அது, அந்த ஓரத்துல அப்படிச் சிரிக்கிறது? உங்க வீட்லயும் இப்ப அதுதானா?

ஒருநாள் மத்தியானம் பரிமளா சுவர்கிட்ட சொல்லிட்டாங்க. "நான் சாயங்கால ரயிலுக்கு எங்கண்ணன் வீட்டுக்குப் போறேன். எப்ப வருவேன்னு தெரியாது." பையும் வாசல் பக்கம் வந்தாச்சு. தயாளன் போகாதேன்னு ஒரே ஒரு வார்த்தை சொன்னா முடிஞ்சது. வருதா? வர மாட்டேங்குது!

ஆனா பாருங்க... அவ்வளவு கோபத்துலயும் அந்தம்மாவுக்கு மனசு கேக்கல. மனுஷன் கதவு நிலையில முதுகைத் தேய்ச்சுக்கிட்டு நிக்கிறாரே! நிழல்ல காய வெச்ச வேப்பிலை, வெட்டிவேர், பாசிப்பயறு, கொஞ்சம் கஸ்தூரி மஞ்சள் எல்லாத்தையும் சின்ன ஜார்ல அரைச்சு, பழைய வேட்டித் துணியில சலிச்சு, சந்தனப் பொடி கலந்து ஒரு டப்பாவுல போட்டாங்க. டப்பாவை ணங்குன்னு ஃபிரிட்ஜ் மேல வெச்சு, சுவரைப் பார்த்து, "யாருக்கோ வேர்க்குருவாம். பொடி இங்க இருக்கு."

எடுத்தாரா? எடுத்தா தோத்துட்டதா அர்த்தமாம்! காலண்டர்ல இருக்கிற முருகர்கிட்ட சொல்றார், "எனக்கும் கை இருக்கு சாமி. நானே அரைச்சுக்குவேன்."

அந்தம்மா துணி துவைக்கப் போன நேரமாப் பார்த்து அடுப்படிக்குள்ள நுழைஞ்சார். மீந்த வேப்பிலை, மீந்த வெட்டிவேர். பெரிய மிக்ஸி ஜாரை எடுத்தார். எந்த ஜாரு? சொல்லுங்கம்மா, எந்த ஜாரு? பார்த்தீங்களா, பொம்பளைங்க அத்தனை பேருக்கும் புரிஞ்சு போச்சு! நாம இல்லாதப்ப இந்த மனுஷன் சாம்பாருக்கு என்ன பண்ணுவார்னு, காலையில அந்தம்மா மிளகாய் அரைச்சு வெச்ச ஜாரு! இன்னும் கழுவல! ஓரத்துல செவப்பாத் தெரியுது. மஞ்சள் கறைன்னு நினைச்சுக்கிட்டார் நம்ம ஆளு.

அரைச்சாச்சு. போடணுமே? கையை இப்படி வளைச்சுப் பார்க்கிறார். அப்படி வளைச்சுப் பார்க்கிறார். தோள் வரைக்கும் போகுது... நடு முதுகு எட்டல. யோசிச்சார். ஒரு துண்டுல பொடியைத் தூவினார். ரெண்டு முனையையும் பிடிச்சு, முதுகுல போட்டு, தயிர் கடையற மாதிரி இழுத்தார் பாருங்க... சர்ரு... சர்ரு... சர்ரு...

முதல்ல ஒண்ணுமில்ல. சுகமாத்தான் இருந்துச்சு.

அப்புறம்... "ஐயோ! பரிமளாஆஆ!"

சுவர் எங்கே போச்சு? காலண்டர் எங்கே போச்சு? இத்தனை நாளா வாயில வராத பேரு, தெருவுக்கே கேக்குற மாதிரி வந்துச்சு! அந்தம்மா போட்டது போட்டபடி ஓடி வந்தாங்க.

"என்னங்க இது! என்னத்தைப் போட்டீங்க?"

"எரியுது பரிமளா, எரியுது!"

ஜாரை எடுத்து மோந்து பார்த்தாங்க. "அட கடவுளே! மிளகாய் அரைச்ச ஜாருங்க இது!" குடம் குடமாத் தண்ணி ஊத்திக் கழுவி, தயிரை அப்பி, விசிறிக்கிட்டே சிரிக்கிறாங்க. சிரிப்புன்னா சிரிப்பு, வயித்தைப் பிடிச்சுக்கிட்டுத் தரையில உட்கார்ந்து சிரிக்கிறாங்க. இவருக்கும் கண்ல தண்ணி. பாதி எரிச்சல், பாதி சிரிப்பு.

எரிச்சல் அடங்கினதும் "திரும்புங்க"ன்னாங்க. ஃபிரிட்ஜ் மேல இருந்த டப்பாவைத் திறந்து, முதுகு பூரா பதமா ஒத்தி விட்டாங்க. அந்தக் குளிர்ச்சி இருக்கே... மனுஷன் கண்ணை மூடிக்கிட்டுச் சொன்னார். "விசேஷத்துக்கு நான் வந்திருக்கணும். தப்புதான். போகாதே பரிமளா."

அந்தம்மா என்ன சொன்னாங்க தெரியுமா? "போகத்தான் போறேன். நீங்களும் சட்டையை மாட்டுங்க. எங்கண்ணன்கிட்ட வந்து நீங்களே சொல்லுங்க."

போனாங்க. ரெண்டு பேரும் ஒரே ரயில்ல போனாங்க!

மணமக்களே... மணிமாறன், சாருலதா... கொஞ்சம் இந்தப் பக்கம் பாருங்க. பொடியை யார் வேணா அரைச்சுக்கலாம். கடையில கூட வாங்கிக்கலாம். ஆனா உங்க முதுகு உங்களுக்கு எட்டுமா? ராஜாவுக்கும் எட்டாது, மந்திரிக்கும் எட்டாது. நம்ம கை எட்டாத இடத்துக்கு இன்னொரு கை வேணும்... அதுக்குத்தான் இந்த மேளம், இந்தத் தாலி, இவ்வளவு கூட்டம். கோபம் வரும். வரட்டும். சண்டை போடுங்க, யார் வேணாங்கிறா? ஆனா வலி வந்ததும் பேரைச் சொல்லிக் கூப்பிட்டுடுங்க. யார் முதல்ல கூப்பிட்டதுன்னு ஊர்ல ஒருத்தனும் எண்ணிக்கிட்டு இல்ல. கூப்பிட ஒரு பேர் இருக்கு, கூப்பிட்டா ஓடி வர ஒரு ஆள் இருக்கு... அப்புறம் மனுஷனுக்கு வேற என்னங்க வேணும்?