பின்சுவரில் ஒரு கதவு

இந்த அறைக்குப் பச்சை அடித்தவருக்கு வண்ணம் தெரியவில்லை. உங்கள் முகம்கூடக் காமாலை வந்தவர் முகம்போலத் தெரிகிறது, அதிகாரி. உடம்புக்கு ஒன்றுமில்லையே? சரி, சொல்கிறேன்.

நாற்பத்தோரு ஆண்டுகளாகச் சினிமாவுக்கு அரங்கம் அமைக்கிறேன். கிரிமியாவின் கோடை வெயிலில் உப்பைக் கொட்டிச் சைபீரியப் பனிவெளி செய்தவன் நான். அதைப் பார்த்து ஓர் ஓநாய் வழிதவறி வந்து இரண்டு நாள் தங்கிப்போனது. இதை நீங்கள் எழுத வேண்டியதில்லை.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. படப்பிடிப்பின் முதல் நாள் ஒரு பீங்கான் தட்டில் எல்லாரும் கையெழுத்திட்டு, அதை உடைத்து, ஆளுக்கொரு சில்லு எடுத்துக்கொள்வோம். இயக்குநர் ரொஸ்திஸ்லாவ் பாவ்லவிச் தட்டை என்னிடம் நீட்டியபோது முன்பக்கத்தில் இடமில்லை.

"பின்பக்கம் போடுங்க, யெர்மோலாய் சாவ்விச். அடுத்த படத்துக்கு வேற ஆளப் பாத்தாச்சு. உங்களுக்கும் ஓய்வு வேணுமில்ல?"

எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

ஆக, இது என் கடைசிப் படம். பிஸ்கோவ் பக்கத்து வயலில் ஒரு மரவீடு கட்டினேன். ஒரே எடுப்பில், காமிராவை நிறுத்தாமல், அது எரிய வேண்டும். கதைப்படி ஜன்னல்களுக்குப் பலகை அறைந்திருந்தோம். வாசலோரத் திரைச்சீலையில் தன் கையாலேயே தீ வைத்துவிட்டு, காமிராவுக்குத் தெரியாமல் பின்கதவு வழியாக வெளியேறுவது இயக்குநரின் திட்டம். அதற்காக வோலக்தா பக்கம் ஆளில்லாத ஊரிலிருந்து நூறு வயதுக் கதவொன்றைக் கொண்டுவந்து பொருத்தினேன். முந்தின நாள் ஒத்திகையில் அதன் வழியாக வெளியே வந்தவர் திரும்பிப் பார்த்தார்.

"நிஜக் கதவுதான். ஆனா பாத்தா ஒட்டுப்பலகையில வரைஞ்ச மாதிரி இருக்கே, பெரியவரே. நாளைக்குள்ள பாக்கறவன் நம்புற மாதிரி ஒண்ணு வையுங்க."

இயக்குநர் சொன்னால் செய்வதுதான் என் தொழில். கதவைக் கழற்றினேன். திறப்பைத் தடித்த பலகைகளால் அடைத்தேன். அதன்மேல் ஒரு கதவை வரைந்தேன். மரத்தின் கணுக்கள், கீலின் துரு, கைபட்டுக் கைபட்டுக் கறுத்த இடம், இரும்புக் கைப்பிடி, அதற்கொரு நிழல். வேறு யாரையும் தூரிகை தொடவிடவில்லை.

காலையில் தரையில் புது வைக்கோல் பரப்பியிருந்தது. அலங்கரித்த தரையை எடுப்புவரை யாரும் மிதிக்க மாட்டோம். அவர் வாசலில் நின்றே பார்த்தார்.

"இப்பதான் கதவு. திட்டினாத்தான் உங்களுக்குக் கை வருது, பாத்தீங்களா?"

நன்றி சொன்னேன்.

காமிரா ஓடியது. இயக்குநர் உள்ளே நின்று திரைச்சீலையில் தீ வைத்தார். தீ வாசலை நன்றாகவே மூடியது. எடுப்பின்போது யாரும் பேசக் கூடாது. ஒலிப்பதிவாளர் ஸினயீதா மட்டும் காதுக்கருவியைக் கழற்றிவிட்டு என்னிடம் கிசுகிசுத்தாள்.

"சாவ்விச், யாரோ தட்டுற மாதிரி கேக்குது."

"காஞ்ச பைன் கட்டைம்மா. வெடிக்கும்."

"மூணு மூணா வெடிக்குமா?"

"நல்ல கட்டை."

அவள் மறுபடி மாட்டிக்கொண்டாள். அதன்பின் கொஞ்ச நேரத்துக்குத்தான் வெடித்தது.

கதவைப் பூட்டினேனா என்று மூன்றாவது முறையாகக் கேட்கிறீர்கள். இல்லை. பூட்டுவதற்கு அங்கே கதவே இல்லை.

வீடு முழுதும் சாம்பலாகியும் பின்சுவர் மட்டும் எப்படி நிற்கிறது என்பதுதான் உங்களுக்குப் புரியவில்லை. முந்தின நாள் மாலையே அதற்கு மட்டும் தீப்பிடிக்காமல் தடுக்கும் கரைசலை மூன்று பூச்சு பூசியிருந்தேன். நல்ல வேலை வீணாகக் கூடாது அல்லவா.

உங்கள் மேசையில் உள்ள பின்சுவரின் புகைப்படத்தைப் பார்த்தேன். நகக்கீறல்கள் எல்லாம் கைப்பிடியைச் சுற்றியே இருக்கின்றன. சுவரில் வேறெங்கும் ஒரு கீறல்கூட இல்லை. கடைசிவரை அவர் அந்தக் கதவை நம்பியிருக்கிறார். எனக்கு அவர்மேல் கோபமெல்லாம் எப்போதோ போய்விட்டது.

விசாரணை முடிந்ததும் அந்தப் புகைப்படத்தில் ஒரு பிரதி கொடுங்கள். இத்தனை வருடத்தில் என் வேலைக்குக் கிடைத்த ஒரே உண்மையான பாராட்டு அது.